மிஸ்டர் மல்லாட்டையின் ஒற்றை பூட்ஸ்

ஐந்தாவது பார்சலைக் கிருஷ்ணவேணிதான் பிரித்தாள். மேசையைச் சுற்றி நின்ற மூன்று ஆண்களும் ஆளுக்கு ஓரடி பின்னால் நகர்ந்து அவளுக்கு இடம் விட்டார்கள்.

"மல்லாட்டை" என்றாள், வேர்க்கடலையை அந்தப் பக்கத்து ஊர்கள் சொல்கிறபடி. "அரைப்படி இருக்கும். வறுக்கலை. பயந்தவங்க இப்ப முன்னால வரலாம்."

திண்டிவனம் அரங்கா டாக்கீஸ் முதலாளி அரங்கநாதன் பிரம்பால் மேசையைத் தட்டினார். மூன்று பித்தளைப் பூண் போட்ட பிரம்பு. எழுபத்தெட்டு வயதுக்கு அந்தத் தட்டில் பலம் அதிகம்.

"உடைச்சுப் பாரு."

உடைத்தாள். உள்ளே பருப்பு இல்லை. இன்னொன்றை உடைத்தாள். அதிலும் இல்லை. வெளியிலிருந்து பார்த்தால் எல்லாம் முழுக் காய். யாரோ ஒவ்வொன்றாகப் பிளந்து, பருப்பை எடுத்துவிட்டு, கோடு தெரியாமல் திரும்ப ஒட்டியிருந்தார்கள். ஐந்து சனிக்கிழமையாக இதே கதை.

"பருப்பைத் தின்னுட்டுத் தோலை அனுப்பிக்கிறாங்க. எங்கக்கா மாமியார் வூட்டு சீர் மாதிரியே இருக்குது." ஒன்றை மூக்கருகே கொண்டு போனாள். "சார், நகப்பாலீஷ் வாசனை வருது."

சார் என்பது சவரிநாதன். முப்பது வருடம் ரயில் தபால் வண்டியில் நின்றுகொண்டே கடிதம் பிரித்தவர். ஓய்வு பெற்றதும் விழுப்புரம் ஸ்டேஷன் பக்கத்தில் துப்பறியும் ஆபீஸ் போட்டார். டைப்ரைட்டர், வாய், தைரியம் மூன்றும் கிருஷ்ணவேணியின் பொறுப்பு. யோசிப்பது மட்டும் அவர்.

பார்சலின் அடியில் இந்த முறை ஒரு சீட்டும் இருந்தது. *ஞாயிற்றுக்கிழமை உடையும்.*

அரங்கநாதன் அதைக் கசக்கினார். ஞாயிறு என்றால் நாளை. நாளை மாலை இதே கொட்டகையில் அவருக்குப் பாராட்டு விழா. மெட்ராஸிலிருந்து ஒரு கலை மன்றம் வருகிறது. ஐம்பத்தைந்து வருடம் முன்பு ஊமைப்படங்களில் 'மிஸ்டர் மல்லாட்டை' என்று ஒரு கோமாளி இருந்தான். முகம் முழுக்க மைதா மாவு, துடைப்பம் போல மீசை, காது வரை இறங்கிய தொப்பி, ஒரு காலில் பூட்ஸ், மறு கால் வெறுங்கால். பதினாறு குட்டிப் படங்கள். பேசும் படம் வந்ததும் ஆள் மறைந்து போனான், ஊரும் மறந்து போனது. அந்த மல்லாட்டை நான்தான் என்று அரங்கநாதன் ஐம்பது வருடமாகச் சொல்லி வருகிறார். மன்றம் இப்போதுதான் அதைக் காதில் வாங்கியிருக்கிறது.

"எனக்கு அனுப்பினவன் பேரு வேணும்" என்றார். "விழாவுக்கு முன்னால வேணும். எந்தக் கை இதை ஒட்டுச்சோ, அந்தக் கையை எங்கக்கா மவன் பாத்துக்குவான்."

அக்கா மகன் தாண்டவராயன் கதவை மறைத்துக்கொண்டு நின்றான். முழங்கை வரை சுருட்டிய சட்டை. விரல்களை ஒவ்வொன்றாகச் சொடுக்கெடுத்தான்.

"கம்ப்ளெய்ன்ட் குடுக்கலாமே?" என்றாள் கிருஷ்ணவேணி.

"போலீசு எதுக்கு? ஜல்தியா முடியற வேலை இது" என்றான் தாண்டவராயன்.

சவரிநாதன் ஒரு மல்லாட்டை ஓட்டை விரலில் உருட்டிக்கொண்டிருந்தார்.

"நாளைக்குப் போடற படத்தை இப்பப் பாக்கலாமா?"

*

பதினாறில் மிஞ்சியது ஒரே ஒரு ரீல். போன மாதம் ஒரு பிஸ்கட் டின்னில் மன்றத்துக்கு வந்தது. அனுப்பியவர் பெயர் இல்லை. யாரோ புண்ணியவான் என்று மன்றம் சந்தோஷப்பட்டு இங்கே அனுப்பிவிட்டது.

காலை வேளை, காலிக் கொட்டகை. அரங்கநாதன் உட்காரவில்லை. திரைக்குப் பக்கத்தில் போய்ப் பிரம்போடு நின்றார்.

"அந்தக் காலத்துல எழுத்து போட்டா ஜனங்களுக்குப் படிக்கத் தெரியாது. படத்துக்குப் பக்கத்துல ஒருத்தன் நின்னு, இவன் யாரு, இன்னா சொல்றான்னு குச்சியால காட்டிச் சொல்லணும். நான் படத்துல நடிப்பேன், கொட்டகையில நின்னு கதையும் சொல்லுவேன். ரெண்டும் நானே!"

விளக்கு அணைந்தது. திரை வெளுத்தது. அவர் குரல் திடீரென்று இருபது வயது குறைந்தது.

"அதோ வர்றாரு பாருங்க! விழுப்புரம் ஜங்ஷன்! மூட்டை முடிச்சோட வர்றாரு! யாரு இவரு?"

பிரம்பு நீண்டு நின்றது. காலி பெஞ்சிலிருந்து தாண்டவராயன் தொண்டை கிழியக் கத்தினான்: "மிஸ்டர் மல்லாட்டை!"

பழக்கிவைத்த பதில்.

கிருஷ்ணவேணி சிரிக்கக்கூடாது என்றுதான் உட்கார்ந்தாள். இரண்டாவது நிமிடத்தில் முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். அந்த ஒல்லி மனுஷன் ஒரு மல்லாட்டையை உடைக்கிறான், உள்ளே ஒன்றுமில்லை. தொப்பிக்குள் தேடுகிறான். ஸ்டேஷன் மாஸ்டர் சட்டைப்பையில் தேடுகிறான். இல்லாத ஒரு பருப்புக்காக உலகத்தையே சந்தேகப்படுகிறான்.

"சார், அப்ப இருந்த இடுப்பு இப்ப எங்க போச்சாம்?" என்று சவரிநாதனின் தோளில் சாய்ந்து கிசுகிசுத்தாள்.

"இடுப்பு போனா இன்னா பொண்ணே, காது போகலை!" என்று நாற்பதடி தள்ளித் திரையோரத்திலிருந்து பதில் வந்தது. "பொறந்ததுலருந்து பாம்புக் காது எனக்கு!"

கிருஷ்ணவேணி வாயைப் பொத்திக்கொண்டாள். சவரிநாதன் ஏனோ தலையை ஆட்டிக்கொண்டார்.

திரையில் மல்லாட்டை தண்டவாளத்தில் இறங்கி நடந்தான். பூட்ஸ் கால் கல்லில், வெறுங்கால் இரும்பில். தூரத்தில் எஞ்சின்.

"பின்னால எமன் வர்றான்! கூ...ன்னு கூவுறான்! ஊரே நடுங்குது! நம்ம ஆளு அசையலையே!"

எஞ்சின் தலையில் வெள்ளை ஆவி பீறிட்டது. பிளாட்பாரத்தில் வேடிக்கை பார்த்தவர்கள் துள்ளித் திரும்பினார்கள். ஒரு ஆடு மூட்டை மேல் தாவியது. கூரையில் இருந்த காக்கைகள் ஒன்றுகூட மிஞ்சாமல் பறந்தன. மல்லாட்டை மட்டும் கொட்டை உரித்துக்கொண்டே நடந்து, எஞ்சின் முதுகை உரச வரும்போது சாவகாசமாக இறங்கினான். எஞ்சின் கடந்தது. பட்டென்று திரை வெள்ளையானது.

"அறுந்துபோச்சுங்க!" என்று மேலே ஆபரேட்டர் குரல் கொடுத்தார்.

சவரிநாதன் எழுந்தார். "ஐயா, ஒரு சந்தேகம். ஏன் ஒரு காலுக்கு மட்டும் பூட்ஸ்?"

"ஜனங்க சிரிக்கத்தான். வேற எதுக்கு?"

"இந்தப் பிரம்பு படத்துல வரவே இல்லையே?"

அரங்கநாதன் பிரம்பைக் கொஞ்சம் பின்னால் இழுத்துக்கொண்டார். "வேற படத்துல வரும்."

மேலே ஆபரேட்டர் அறுந்த நுனியை நீட்டினார். கிருஷ்ணவேணி முகர்ந்தாள், அதே நகப்பாலீஷ் வாசனை. சவரிநாதனைப் பார்த்தாள். அவரும் முகர்ந்தார்.

"பிலிம் ஒட்டற பசைங்க" என்றார் ஆபரேட்டர். "விழுப்புரத்துல படப்பெட்டி ஆபீஸ்ல பாக்கியமேரியம்மா ஒட்டிக் குடுத்தது. அந்தம்மா கைப்பட்டா முந்நூறு காட்சி தாங்கும். இது ஒரே ஓட்டத்துல விட்டுச்சு, அதுவும் கடைசி அடியில. ஆச்சரியமா இருக்குது. திரும்ப அங்கதான் போகணும்."

"நான் எடுத்துக்கினு போறேன்" என்றார் சவரிநாதன்.

*

விழுப்புரம் பஸ்ஸின் பின்னாலேயே தாண்டவராயனின் புல்லட் வந்தது. ஒலக்கூரான் கணக்காய் நிழல் மாதிரி ஒட்டிக்கொண்டு வந்தான் என்று கிருஷ்ணவேணி அலுத்துக்கொண்டாள். ஒலக்கூரான் என்பது அவள் தெரு நாய்.

"பேர் கேட்டா இன்னா சார் சொல்லுவீங்க? பாவம் அந்தம்மா. அவங்க கையை உடைச்சுட்டுத்தான் அவன் சாப்பிடவே போவான்."

"வேணி, எஞ்சின் கூவுச்சுன்னு உனக்கு எப்படித் தெரியும்?"

"அதான் அவரு சொன்னாரே."

"அவர் சொல்லலைன்னா?"

"ஆவி கக்குச்சு. எல்லாரும் துள்ளினாங்க. ஆடு, காக்கா, எல்லாம்."

"எல்லாருமா?"

விக்கிரவாண்டி வந்தது. வண்டி நின்று கிளம்பியது. கிருஷ்ணவேணிக்கு ஆயுசில் வாயடைத்துப்போன இடங்கள் குறைவு. அன்று விக்கிரவாண்டியும் சேர்ந்தது.

*

படப்பெட்டி ஆபீஸ் ஸ்டேஷனுக்கு எதிர்ச் சந்தில் இருந்தது. தகரப் பெட்டிகள் கூரை வரை. ஜன்னல் வெளிச்சத்தில் ஒரு பெண்மணி உட்கார்ந்து, பிளேடால் பிலிமைச் சுரண்டிக்கொண்டிருந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும். நெற்றியில் பொட்டில்லை, கழுத்தில் மாதா படம் போட்ட சின்னப் பதக்கம். எதிர் டீக்கடையில் புல்லட் நின்றது.

சவரிநாதன் ரீலை மேசைமேல் வைத்தார். பக்கத்தில் ஒரு மல்லாட்டை ஓடு.

"திரும்ப உங்ககிட்டயே வர்ற மாதிரி ஒட்டியிருந்தீங்க. வந்துடுச்சு."

பாக்கியமேரி ஓட்டைப் பார்த்தார். மறுக்கவில்லை. பிளேடைக் கீழே வைக்கவும் இல்லை.

"ஆளு அனுப்பிக்கிறானா?"

"டீக்கடையில நிக்கறான், அக்கா" என்றாள் கிருஷ்ணவேணி. "மூணு பன்னு தின்னுட்டான். நாலாவது நம்மதான்."

"எங்க ரெண்டு பேரையும் நீங்க நம்பத் தேவையில்லை" என்றார் சவரிநாதன். "நான் சொல்றது சரியான்னு மட்டும் சொல்லுங்க. மிஸ்டர் மல்லாட்டைக்குக் காது கேக்காது."

பாக்கியமேரியின் கை நின்றது.

"ஊரே கூவலுக்குத் துள்ளுது, அந்த மனுஷன் இமைகூட அசையலை. அது நடிப்பு இல்லை. அப்புறம் எப்படிச் சரியான நேரத்துல இறங்கினாரு? அதுக்குத்தான் ஒத்தை பூட்ஸ். முப்பது வருஷம் ரயில்ல இருந்தவன் நான். தண்டவாளத்துல வெறுங்காலை வச்சா வண்டி வர்றது உள்ளங்காலுக்குத் தெரியும். ஜனங்க சிரிச்ச அந்தக் கால்தான் அவருக்குக் காது. திண்டிவனத்துப் பெரியவருக்கோ, நாற்பதடிக்கு அப்பால வேணி கிசுகிசுத்தாலே கேக்குது."

பாக்கியமேரி பிளேடை மேசைமேல் வைத்தார்.

"எங்கப்பா" என்றார் பாக்கியமேரி. "ராயப்பன். பக்கத்து ஊரு காணையில இருக்காரு. எண்பது வயசு. காதும் இல்லை, பேச்சும் இல்லை. பேசாத படத்துக்கு அவரைவிட்டா வேற யாரு?"

பேசும்போதே அவர் கைகளும் பேசின. வீட்டுப் பழக்கம் போல.

"அந்தாளு அப்பாவோட படத்தைப் பெட்டியில தூக்கிக்கினு ஊர் ஊராப் போய்க் கதை சொன்னவன். படம் எடுக்கறப்பவும் கூடவே இருப்பான். 'ஆச்சு'ன்னு சொன்னா அப்பாவுக்குக் கேக்காது இல்லையா? பிரம்பால தோள்ல ஒரு தட்டு. தட்டினா ஆச்சுன்னு அர்த்தம். பேசும் படம் வந்தப்ப மெட்ராஸ்லருந்து அப்பாவுக்கு லெட்டர் வந்துச்சு. 'நீ பேசவே வேணாம், அப்படியே வா, ஊமை வேஷமே போடலாம்'னு. அப்பாவுக்குப் படிக்கத் தெரியாது. இவன்தான் படிச்சான். படிச்சுட்டு..."

வலது கை விரலால் தன் தோளையே ஒரு தட்டுத் தட்டிக் காட்டினார்.

"அவ்வளவுதான். ஆச்சுன்னுட்டான். அப்பா நம்பி ஊருக்கு வந்து கரும்பு வெட்டப் போயிட்டாரு. பதினைஞ்சு படத்தையும் வளையல் செய்யறவன்கிட்ட உருக்கக் குடுத்தான், யாரும் பாத்துடக்கூடாதுன்னு. அப்புறம் நான்தான் மல்லாட்டைன்னு சொல்லிக்கினு கொட்டகை கட்டிட்டான். பத்து வருஷம் கழிச்சுக் காமிராக்காரர் காணைக்கே தேடி வந்து, ஏன்யா வரலைன்னு கேட்டப்பதான் எல்லாம் தெரிஞ்சுது. இந்த ரீலு அவர் வச்சிருந்து குடுத்தது, பிஸ்கட் டின்னுல மன்றத்துக்கு அனுப்பினது நான்தான். வெட்டாத ரீலு."

"வெட்டாததா?" என்றார் சவரிநாதன். "கடைசி அடி..."

பாக்கியமேரி இழுப்பறையைத் திறந்தார். உள்ளே தனியாகச் சுருட்டிய ஒரு பிலிம் துண்டு. ஜன்னலுக்கு நேரே பிடித்தார். கிருஷ்ணவேணி எட்டிப் பார்த்தாள். மூச்சை இழுத்துக்கொண்டாள்.

"மாதாவே!" என்றாள், வேறு தெய்வத்தைக் கும்பிடுகிறவள்.

"அவன் முன்னாலயே பாத்துடக்கூடாதுன்னு நான் வெட்டி வச்சது இது, நாளைக்குக் காலையில ஒட்டி அனுப்புவேன். மேடையில நின்னு அவன்தான் கதை சொல்லுவான். அந்தப் பெருமையை வுட மாட்டான். திரையில வெளிச்சம் இருக்கற வரைக்கும் அவன் வாய் மூடாது. தொழில் அது. எங்கப்பா பேரை வாயாலதான் எடுத்துக்கினான். அந்த வாயாலயே திருப்பித் தரணும்." பிளேடை எடுத்துத் துடைத்தார். "நாளைக்கப்புறம் கையை உடைக்கட்டும். எந்தக் கைன்னு நானே காட்டறேன்."

"அதுவரைக்கும் அந்தக் கை வேலை செய்யணும்" என்றார் சவரிநாதன்.

வெளியே தாண்டவராயன் குறுக்கே வந்தான். "பேரு?"

"கிடைச்சுடுச்சு. எழுதி ஒட்டி, மேடையில உங்க மாமா கையிலயே குடுக்கறேன்."

"இப்பச் சொல்றதுல இன்னா பேஜாரு?"

"கூட்டத்துல வச்சுப் பிடிச்சாத்தானே உங்க மாமாவுக்குப் பெருமை?" என்றாள் கிருஷ்ணவேணி. "சந்துல அடிச்சா டீக்கடைக்காரர் மட்டும்தான் பாப்பாரு. அதுவும் உங்க பன்னு கணக்கு யோசனையில."

தாண்டவராயன் யோசித்தான். அது அவனுக்கு நேரம் பிடிக்கிற வேலை. முடிவில் தலையாட்டினான்.

*

ஞாயிற்றுக்கிழமை மாலை அரங்கா டாக்கீஸில் தரையிலும் இடமில்லை. முதல் வரிசையில் கிருஷ்ணவேணிக்கும் பாக்கியமேரிக்கும் நடுவில் ஒரு கிழவர் உட்கார்ந்திருந்தார். வெளுத்த வேட்டி, தலையில் துண்டு. மடியில் மல்லாட்டைப் பொட்டலம். கிருஷ்ணவேணி மதியமே காணைக்குப் போய்க் கூட்டிவந்திருந்தாள்.

மாலை, பொன்னாடை, கேடயம். சவரிநாதன் மேடையேறி ஒரு கவரை நீட்டினார். "அனுப்பினவர் பேரு. படம் முடிஞ்சதும் பிரிங்க." அரங்கநாதன் அதை ஜிப்பாப் பையில் வைத்துக்கொண்டு, தாண்டவராயனைப் பார்த்துச் சிரித்தார். அவன் கடைசி வரிசையில் நின்று சட்டையைச் சுருட்டினான்.

விளக்கு அணைந்தது. கிழவர் குனிந்து ஒரு காலின் செருப்பை மட்டும் கழற்றினார். உள்ளங்காலைச் சிமென்ட் தரையில் பதித்தார்.

"யாரு இவரு?" என்றார் அரங்கநாதன் மைக்கில்.

"மிஸ்டர் மல்லாட்டை!" என்றது கொட்டகை.

சிரிப்பு வரிசை வரிசையாக எழுந்தது. கிழவர் திரையைப் பார்க்கவே இல்லை. திரும்பி உட்கார்ந்து ஜனங்களின் வாய்களைப் பார்த்தார். அவர்கள் காலால் தரையைத் தட்டும்போதெல்லாம் அவர் கால் விரல்கள் விரிந்தன.

எஞ்சின் வந்தது. கூவியது. ஆடு தாவியது. மல்லாட்டை இறங்கினான். கைதட்டல். அரங்கநாதன் கும்பிடக் கை தூக்கினார்.

படம் முடியவில்லை.

வெளிச்சம் ஓடிக்கொண்டிருந்தது. அவர் முகத்தில் ஒரு கணம் குழப்பம். ஆனால் ஐம்பத்தைந்து வருடத்து வாய் யாரையும் கேட்கவில்லை. பிரம்பு தானாக நீண்டது.

"இருங்க இருங்க, இன்னும் இருக்குது! அதோ இடது பக்கம் வர்றாரு பாருங்க ஒருத்தரு! வெள்ளை ஜிப்பா! நடையைப் பாருங்க! கையில பிரம்பு, மூணு பூணு பளபளன்னு! மல்லாட்டைகிட்டப் போறாரு... தோள்ல ஒரு தட்டு தட்டுறாரு! யாரு இவரு?"

திரையில் ஒரு பிரம்பு, திரையோரம் ஒரு பிரம்பு. இரண்டும் நுனிக்கு நுனி முட்டிக்கொண்டு நின்றன. மூன்று பூண், மூன்று பூண்.

கடைசி வரிசையிலிருந்து, பழக்கிவைத்தபடி, தொண்டை கிழிய, பெருமை பொங்க ஒரு குரல் வந்தது:

"நீங்கதான் மாமா!"

திரையில் மிஸ்டர் மல்லாட்டை தட்டுக்குத் திரும்பினான். தொப்பியைக் கழற்றினான். முறம் போல இரண்டு காதுகள் வெளியே வந்தன. வாளித் தண்ணீரில் முகத்து மாவைக் கழுவி, மீசையைப் பிய்த்துவிட்டு, நேராகப் பார்த்துச் சிரித்தான். பக்கத்தில் இளம் அரங்கநாதன் பிரம்போடு நின்றுகொண்டிருந்தார்.

முதல் வரிசையில் கிருஷ்ணவேணி கிழவரின் தலைத்துண்டை மெல்ல எடுத்தாள். அதே காதுகள்.

யார் முதலில் சிரித்தது என்று தெரியாது. பிறகு நிறுத்த ஆளில்லை. அதில் விசில் இருந்தது, ஏச்சு இருந்தது, பெஞ்சைக் குத்துகிற சத்தம் இருந்தது. மன்றத்துக்காரர் பொன்னாடையின் ஒரு முனையைப் பிடித்துத் திரும்ப இழுத்துக்கொண்டார். தாண்டவராயன் சுருட்டிய சட்டையை இறக்கிவிட்டு வாசல் எங்கே என்று பார்த்தான்.

அரங்கநாதன் ஜிப்பாப் பையிலிருந்து கவரை எடுத்துப் பிரித்தார். சவரிநாதனின் தபால்கார எழுத்தில் ஒரே பெயர். *மிஸ்டர் மல்லாட்டை, காணை.*

அவர் வாய் திறந்தது. மைக் பக்கத்திலேயே இருந்தது. ஒரு சொல்லும் வரவில்லை.

ராயப்பன் மேடையேறினார். ஒரு காலில் செருப்பு, ஒரு கால் வெறுங்கால். அந்த நடைக்கே கொட்டகை மறுபடி சிரித்தது. அவர் அவசரப்படவில்லை. பொட்டலத்திலிருந்து ஒரு மல்லாட்டையை எடுத்து உடைத்தார். பருப்பு இருந்தது. வாயில் போட்டு மென்றார். மென்றுகொண்டே அரங்கநாதனின் கையிலிருந்து பிரம்பை வாங்கினார்.

அரங்கநாதனின் தோளில் ஒரே ஒரு தட்டுத் தட்டினார்.